நகையும் நாணமும்: ஆர்தர் மேத்யூஸின் தொலைக்காட்சி நாடகங்கள்

தமிழ் உரைநடையில் நகைச்சுவைக்கு வித்திட்ட நூல்களுள் ஒன்று, கத்தோலிக்கக் குரு ஒருவரின் எழுத்தாணியில் பிறந்தது. வீரமாமுனிவர் (1680–1747) இயற்றிய 'பரமார்த்த குருவின் கதை'யைக் கேளாமல் வளர்ந்த தமிழ்ப் பிள்ளைகள் ஒரு காலத்தில் சிலரே. மட்டி, மடையன், பேதை, மிலேச்சன், மூடன் என்னும் ஐந்து சீடர்களும், அவர்களுக்கு வாய்த்த குருவும் ஓர் ஆற்றைக் கடப்பதற்குள் படும் பாட்டை எண்ணி நாம் இன்றும் சிரிக்கிறோம். ஆனால் அக்கதையின் குரு வேறொரு மடத்தைச் சேர்ந்தவர். அயல்வீட்டுத் திண்ணையில் வழுக்கி விழுபவரைக் கண்டு சிரிப்பது எளிது. தம் வீட்டுத் திண்ணையில், தாம் வணங்கி வளர்ந்த பெரியவரே வழுக்கி விழும்போது சிரிக்கலாமா? சிரித்தால் அது அன்பா, அவமதிப்பா? அன்றி, அவ்விரண்டினும் வேறான ஓர் உண்மைக்கு அது சாட்சியா?

இவ்வினாவை நம்முன் வைப்பவர் அயர்லாந்து நாட்டின் தொலைக்காட்சி நகைச்சுவை எழுத்தாளரும், எப்போதாவது நடிகருமான ஆர்தர் மேத்யூஸ். கிரகாம் லினஹன் என்பாருடன் சேர்ந்து அவர் எழுதிய 'ஃபாதர் டெட்' என்னும் தொடர், பிரித்தானியாவின் சேனல் 4 தொலைக்காட்சியில் 1995 ஏப்ரல் முதல் 1998 மே வரை 25 பகுதிகளாக ஒளிபரப்பாயிற்று. நம் நாட்டில் அதனைக் கண்டவர்கள் மிகுதியாக இரார். எனினும் குருக்களின் இல்லம் ஒன்றைக் களமாகக் கொண்ட இத்தொடர், குருக்களும் இறைமக்களும் ஒருங்கே எண்ணிப் பார்க்கத்தக்க செய்தியைத் தன்னுள் கொண்டிருக்கிறது. அதனால்தான் அதனை இப்பக்கங்களில் எடுத்துப் பேச விழைகிறோம்.

வாழ்வும் தொழிலும்

மேத்யூஸ் 1959-இல் அயர்லாந்தின் மீத் மாவட்டத்தில் பிறந்தவர். டப்ளின் நகரிலிருந்து வெளிவரும் 'ஹாட் பிரெஸ்' என்னும் இசை இதழில் பக்க வடிவமைப்பாளராகப் பணியாற்றினார். அவ்விதழில் எழுதி வந்த இளைஞரே லினஹன். அக்காலத்தில் மேத்யூஸ் 'ஜோஷுவா ட்ரியோ' என்னும் கேலி இசைக்குழு ஒன்றிலும் இருந்தார். அயர்லாந்தின் புகழ்பெற்ற 'யூ-2' குழுவைப் பகடி செய்வதே அதன் வேலை. அந்த மேடைகளில்தான் குருவின் அங்கியணிந்து 'ஃபாதர் டெட் கிரில்லி' என்ற பெயரில் மேத்யூஸ் தோன்றலானார். பின்னர் உலகம் அறிந்த அப்பாத்திரத்தை முதன்முதலில் உடுத்திக்கொண்டவர் அதனைப் படைத்தவரே என்பது நினைவிற்கொள்ளத்தக்கது.

1990-களின் தொடக்கத்தில் இருவரும் இலண்டன் சென்று நகைச்சுவைத் தொடர்களுக்குத் துணுக்குக் காட்சிகள் எழுதிப் பிழைத்தனர். 'தி ஃபாஸ்ட் ஷோ' என்னும் தொடரில், கூச்சம் மிகுந்த நிலக்கிழார் ஒருவர் தம் தோட்டப் பணியாளிடம் மனத்தில் உள்ளதைச் சொல்ல மாட்டாமல் ஒவ்வொரு முறையும் வேறெதையோ பேசித் தடுமாறும் காட்சிகள் இவர்கள் தொடங்கிவைத்தவையே. சொல்ல வேண்டியது தொண்டையிலேயே நின்றுவிடுவதும், அதற்கு மாற்றாக வாய் எதையோ உளறுவதும் மேத்யூஸின் நகைச்சுவைக்கு ஊற்று என்பதை அங்கேயே காணலாம்.

'ஃபாதர் டெட்' முதலில் ஒரு போலி ஆவணப்படமாகவே எண்ணப்பட்டது. அயர்லாந்து மாந்தர் பலரையும் பகுதிக்கு ஒருவராகப் பேட்டி காண்பது போன்ற அத்திட்டத்தில் குரு ஒருவர் மட்டுமே. தயாரிப்பாளர் ஜெஃப்ரி பெர்கின்ஸ் அந்தக் குருவையே மையமாக்கி ஒரு தொடர் நாடகம் எழுதுமாறு ஆலோசனை கூறினார். டெர்மட் மார்கன் தலைமைப் பாத்திரம் ஏற்றார். மூன்றாம் பருவத்தின் படப்பிடிப்பு முடிந்த மறுநாள், 1998 பிப்ரவரி 28 அன்று, மார்கன் மாரடைப்பால் 45-ஆம் வயதில் மரணமடைந்தார். கடைசிப் பகுதிகளை மக்கள் கண்டு சிரித்தபோது, சிரிக்க வைத்தவர் கல்லறையில் இருந்தார்.

நால்வகை நகை

தொடரின் களம் 'கிராகி' என்னும் கற்பனைத் தீவு. அங்குள்ள பங்கு இல்லத்தில் மூன்று குருக்கள் வாழ்கின்றனர். டெட் நடுத்தர வயதினர்; புகழும் பணமும் தம்மைத் தேடி வர வேண்டும் என்று ஏங்குபவர். டூகல் இளையவர், கனவில் வருவதற்கும் கண்முன் இருப்பதற்கும் வேறுபாடு அறியாதவர். ஜாக் முதியவர், மதுவும் சினமும் உறக்கமுமே அவருடைய நாள். இவர்களுக்குத் தேநீர் ஊற்றுவதைத் தவமாகக் கொண்டவர் பணிப்பெண் திருமதி டாய்ல்.

நகை பிறக்கும் இடங்கள் நான்கு என்று தொல்காப்பியம் மெய்ப்பாட்டியலில் வகுக்கிறது: எள்ளல், இளமை, பேதைமை, மடன். ஆங்கிலத் திறனாய்வாளர் எவரும் இவ்வளவுகோலைக் கையில் எடுத்திருக்க மாட்டார்கள். ஆயினும் இந்தப் பங்கு இல்லத்துக்கு இது வியக்கத்தக்க வகையில் பொருந்துகிறது. டூகலிடம் இளமையும் பேதைமையும் ஒன்றாய்க் கலந்துள்ளன. மேசைமேல் இருக்கும் பொம்மைப் பசு சிறியது, வெளியே நிற்கும் பசு தொலைவில் இருப்பதால் சிறியதாய்த் தோன்றுகிறது என்னும் வேறுபாட்டை டெட் அவருக்குப் பொறுமையாக விளக்கும் காட்சி புகழ்பெற்றது. அறியாமையைக் கண்டு நாம் அங்கே சிரிக்கிறோம். ஆனால் சிறுபிள்ளைக்குப் பாடம் சொல்லும் ஒருவரின் களைப்பும் அன்பும் அச்சிரிப்பைக் கசப்பாகாமல் காக்கின்றன.

மடன் என்பதற்கு உரையாசிரியர்கள் தரும் விளக்கம், பிறர் கொளுத்தியதைக் கொண்டு, கொண்டதை விடாதிருத்தல். 1995-இல் வந்த ஒரு பகுதி இதற்கு நல்ல சான்று. தீவின் திரையரங்கில் சமய நிந்தனையான ஒரு படம் திரையிடப்படுகிறது. அதனை எதிர்த்துப் போராடுமாறு ஆயர் கட்டளையிடுகிறார். டெட்டும் டூகலும் படத்தைப் பற்றி எதுவும் அறியாதவர்களாய், மிக மென்மையான இரு வாசகங்கள் தாங்கிய பதாகைகளுடன் அரங்கின் வாயிலில் நிற்கின்றனர். விளைவு, தீவே திரண்டு வந்து படம் பார்க்கிறது. எந்த நாட்டுச் சமயத்தாரும் கண்ணாடியில் பார்ப்பதுபோல் பார்த்துக்கொள்ள வேண்டிய காட்சி இது. எதை எதிர்க்கிறோம் என்று அறியாமல் எதிர்ப்பவர், தாம் எதிர்ப்பதற்கே விளம்பரம் ஆகிறார்.

எள்ளலோ டெட்டின் பங்கு. அவர் பிறரை எள்ளுகிறார். இறுதியில் தாமே எள்ளப்படுகிறார். எள்ளல் என்னும் சொல்லைப் பிறரை எள்ளுதல், பிறரால் எள்ளப்படுதல் என இருவகையாகவும் உரைகாரர் கொண்டது எத்துணை நுட்பமானது என்பதை இப்பாத்திரத்தில் காணலாம்.

மாற்றல் எனும் மௌனம்

இனி, நாம் இத்தொடரைப் பற்றி எழுத வந்ததன் காரணத்துக்கு வருவோம். இம்மூவரும் ஏன் ஒரே தீவில் இருக்கின்றனர்? ஒவ்வொருவரும் ஒரு தவறு செய்தவர். நோயுற்ற ஒரு குழந்தை லூர்து நகருக்குத் திருப்பயணம் செல்வதற்காகத் திரட்டிய பணத்தைக் கொண்டு டெட் அமெரிக்காவின் லாஸ் வேகஸ் சூதாட்ட நகருக்குச் சென்றார். பணம் தம் கணக்கில் சற்று ஓய்வெடுத்துக்கொண்டிருந்தது என்பதே அவர் தரும் மறுமொழி. டூகலின் கவனக்குறைவால் பிளாக்ராக் என்னும் இடத்தில் அருள்சகோதரிகள் சிலரின் வாழ்வு சீர்குலைந்தது. ஜாக், ஏதலோன் நகரில் நடந்த ஒரு திருமணத்தில் செய்யத் தகாததைச் செய்தார். இவர்களை விசாரித்தவர் இல்லை, தண்டித்தவரும் இல்லை. கண்ணுக்கெட்டாத தீவுக்கு ஆயர் பிரென்னன் மாற்றல் அளித்தார். அவ்வளவே.

நகைச்சுவைத் தொடர்களில் மாந்தர் ஒரே வீட்டில் அடைபட்டிருக்க ஏதேனும் ஒரு காரணம் வேண்டும். அக்காரணம் பெரும்பாலும் கவனிக்கப்படுவதில்லை. மேத்யூஸும் லினஹனும் தேர்ந்தெடுத்த காரணம் அயர்லாந்துத் திருச்சபையின் ஆறாப் புண்ணாக இருந்தது. 1992 மே மாதத்தில் கால்வே ஆயர் ஏமன் கேசி, தமக்கு ஒரு மகன் இருப்பது வெளிப்பட்டதும் பதவி துறந்து நாட்டை விட்டு அகன்றார். நாடகத்தின் ஆயர் பிரென்னனுக்கும் அமெரிக்காவில் இரகசியமாக ஒரு மகன் உண்டு. பார்த்தவர் எவருக்கும் குறிப்பு புரியாமல் போயிராது. 1994-இல் சிறார்மீது கொடுமை இழைத்த துறவற சபைக் குரு ஒருவரை வட அயர்லாந்துக் காவல் துறையிடம் ஒப்படைப்பதில் நேர்ந்த தாமதம் பெரும் சர்ச்சையாகி, பிரதமர் ஆல்பர்ட் ரெய்னால்ட்ஸின் அரசே கவிழ்ந்தது. அக்குரு பல்லாண்டுகளாக இடம் விட்டு இடம் அனுப்பப்பட்டு வந்தவர். அதற்கு அடுத்த ஆண்டு இத்தொடர் தொடங்கிற்று.

1996 கிறிஸ்துமஸ் முன்னாளில் ஒளிபரப்பான சிறப்புப் பகுதி இதனை இன்னும் கூர்மையாக்குகிறது. பெரிய கடை ஒன்றில் வழிதவறிய எட்டுக் குருக்கள், பெண்களின் உள்ளாடை விற்கும் பகுதிக்குள் சிக்கிக்கொள்கின்றனர். எவர் கண்ணிலாவது பட்டால் தேசிய அவமானம். போர்ப் படங்களில் படைத்தலைவன் தன் வீரர்களைக் காட்டிலிருந்து மீட்பதுபோல் டெட் அவர்களை வெளியே கொண்டுவருகிறார். இதற்காக அவருக்குப் பொற்குரு விருது வழங்கப்படுகிறது. அவர் நோயுற்றோரைத் தேற்றியதற்கோ, ஏழைக்கு உதவியதற்கோ அன்று. திருச்சபைக்கு வரவிருந்த அவப்பெயரைத் தடுத்ததற்காக! விருது பெற்றவர் ஏற்புரையில் இறைவனுக்கு நன்றி கூறுவதை விடுத்து, தம் வாழ்வில் தமக்குத் தீங்கிழைத்தோர் பட்டியலை மணிக்கணக்கில் வாசிக்கிறார். நாம் வயிறு குலுங்கச் சிரிக்கிறோம்.

2009 நவம்பரில் டப்ளின் உயர்மறைமாவட்டம் குறித்த மர்ஃபி விசாரணைக் குழுவின் அறிக்கை வெளிவந்தது. 1975 முதல் 2004 வரை சிறார்மீதான கொடுமைகள் பற்றிய புகார்களைத் திருச்சபை அதிகாரிகள் கையாண்ட முறையை அது ஆராய்ந்தது. அவர்களது கவலைகளாக அது கண்டறிந்தவை நான்கு: இரகசியத்தைக் காத்தல், அவதூறைத் தவிர்த்தல், திருச்சபையின் நற்பெயரைப் பேணல், அதன் உடைமைகளைப் பாதுகாத்தல். 2010 மார்ச்சில் திருத்தந்தை 16-ஆம் பெனடிக்ட் அயர்லாந்துக் கத்தோலிக்கருக்கு எழுதிய மடலிலும், திருச்சபையின் பெயர் குறித்த தகாத அக்கறையும் அவதூறுக்கு அஞ்சும் போக்கும் இக்கேட்டின் காரணங்களுள் சுட்டப்பட்டன. பொற்குரு விருதை நினைத்துக்கொண்டு இவ்விரு ஆவணங்களையும் படிப்பவருக்குச் சிரிப்பு தொண்டையில் நின்றுவிடும். மரபுவழிச் சான்றுகளையும் சாட்சியங்களையும் கொண்டு நீதியரசர் நிறுவியதை, எழுத்தாளர் இருவர் ஒரு துணிக்கடைக் காட்சியில் 13 ஆண்டுகளுக்கு முன்பே வரைந்து காட்டிவிட்டனர்.

வலி நீங்கிய வடு

இத்துடன் நிறுத்தினால் இக்கட்டுரை வெறும் பாராட்டாகிவிடும். நம் மனத்தில் எழும் ஐயத்தையும் சொல்லியாக வேண்டும்.

நகைக்குரியது எது என்பதற்கு அரிஸ்டாட்டில் தம் கவிதையியலில் ஓர் இலக்கணம் தருகிறார். குறைபாடு அல்லது அழகின்மை ஒன்று, வலியும் அழிவும் விளைக்காததாய் இருக்கும்போது நகைக்குரியதாகிறது என்பது அவர் கருத்து. எனவே நகைச்சுவை எழுதுபவர் முதலில் செய்ய வேண்டிய வேலை, குறையிலிருந்து வலியை நீக்குவது. 'ஃபாதர் டெட்' அதனை எவ்வாறு செய்கிறது? மிக எளிதாக. வலியுற்றவரை மேடைக்குக் கொண்டுவருவதே இல்லை.

லூர்து செல்லாத அந்தக் குழந்தையை 25 பகுதிகளில் நாம் ஒருமுறையும் காண்பதில்லை. அதற்குப் பெயர் இல்லை; முகம் இல்லை; தாய் தந்தையர் வந்து கதவைத் தட்டுவதும் இல்லை. டெட்டின் பொய்யான மறுமொழி மட்டும் திரும்பத் திரும்ப வந்து ஒவ்வொரு முறையும் சிரிப்பை வாரிக்கொள்கிறது. பிளாக்ராக் சகோதரிகளின் நிலையும் இதுவே. ஜாக் எழுப்பும் ஓலம் நமக்கு வேடிக்கையாகிறது. ஏதலோன் மணமகளுக்கு அது எவ்வாறிருந்தது என்று நாம் கேட்பதில்லை. குற்றம் செய்தவருக்கு வீடு உண்டு, கணப்பு உண்டு, தேநீர் உண்டு, நம் பாசமும் உண்டு. பாதிக்கப்பட்டவருக்குக் கதையில் இடமே இல்லை.

இது எழுத்தாளரின் கொடுமனம் அன்று. அவ்விலக்கிய வகையின் விதி. குழந்தை ஒருமுறை வாசலில் வந்து நின்றிருந்தால் அன்றே தொடர் முடிந்திருக்கும். டெட்டை அதன்பின் எவராலும் நேசித்திருக்க முடியாது. ஆனால் இங்கேதான் நாம் நாணித் தலைகுனிய வேண்டிய ஒற்றுமை இருக்கிறது. கலை தன் விதிக்காகச் செய்ததை, மறைமாவட்ட அலுவலகங்கள் தம் பெயருக்காகச் செய்தன. அங்கும் குருவுக்கு மாற்றல் ஆணை இருந்தது. புதிய பங்கில் ஓர் அறை இருந்தது. உணவு சமைத்துத் தரப் பணிப்பெண் இருந்தார். கோப்புகளில் குழந்தை இல்லை. நாடகத்தின் சட்டகத்துக்கு வெளியே குழந்தையை நிறுத்தியது நகைச்சுவை. நிர்வாகத்தின் சட்டகத்துக்கு வெளியே அதே குழந்தையை நிறுத்தியது பாவம். கேசி 2017-இல் இறந்தபின், 2024-இல் அயர்லாந்துத் தேசியத் தொலைக்காட்சி வெளியிட்ட ஆவணப்படம், அவர்மீது சிறார் கொடுமை பற்றிய குற்றச்சாட்டுகளை முன்வைத்தது. மகன் ஒருவன் இருந்த செய்தியை வைத்து நாடெங்கும் சிரித்துக்கொண்டிருந்த காலத்தில், அதைவிடப் பாரமான சொற்கள் கேட்பாரின்றிக் காத்திருந்தன என்றே அறிகிறோம்.

ஆகவே இத்தொடரைக் குருக்களை இழிவுபடுத்துவதாகச் சாடுவோரோடு நாம் உடன்படவில்லை. குருவுக்கு அது தேவைக்கு மேல் கருணை காட்டுகிறது என்பதே நம் குறை. தனிமையில் வாடும் குருவை இவ்வளவு பரிவோடு காட்டிய படைப்புகள் குறைவு. கடைசிப் பகுதியில் மனச்சோர்வுற்ற கெவின் என்னும் குரு ஒருவரை டெட் உயிர் மாய்ப்பிலிருந்து மீட்டு, துள்ளல் இசையால் தேற்றி அனுப்புகிறார். ஊர் திரும்பும் பேருந்தில் வானொலியில் சோகப் பாடல் ஒன்று ஒலிக்கிறது. முகம் மீண்டும் இருண்டுவிடுகிறது. குருத்துவ வாழ்வின் தனிமையை அறிந்தோர் அக்காட்சியில் சிரித்த கையோடு கண்ணையும் துடைத்துக்கொள்வர்.

நடிகரின் மௌனம்

மேத்யூஸின் நடிப்பைப் பற்றியும் ஒரு சொல். அவர் தோன்றியவை சிறு வேடங்களே. அவற்றுள் ஒன்று நம் வாதத்துக்கு எதிர்பாராத ஒளி தருகிறது. 1997-இல் வந்த 'ஐ'ம் ஆலன் பார்ட்ரிட்ஜ்' என்னும் ஆங்கிலத் தொடரின் ஒரு பகுதியில், வேலை தேடி அலையும் தொலைக்காட்சி அறிவிப்பாளர் ஆலன், அயர்லாந்துத் தொலைக்காட்சி அதிகாரிகள் இருவரைச் சந்திக்கிறார். அவ்விருவராக நடித்தவர்கள் லினஹனும் மேத்யூஸும். அவர்களை மகிழ்விக்க எண்ணிய ஆலன், 1840-களில் ஏறத்தாழ 10 இலட்சம் பேரைப் பலிகொண்ட உருளைக்கிழங்குப் பஞ்சத்தைப் பற்றி, மாண்டவர்கள் உணவில் சற்று விட்டுக்கொடுத்திருக்கலாம் என்னும் பொருள்பட உளறிவைக்கிறார்.

அக்காட்சியில் மேத்யூஸ் செய்வது மிகக் குறைவு. அமர்ந்திருக்கிறார், பார்க்கிறார், சொல்லின்றி வாங்கிக்கொள்கிறார். ஆயினும் காட்சியின் முழு வலிமையும் அந்த முகங்களில்தான் இருக்கிறது. பேதைமை பேசுகிறது, அப்பேச்சால் புண்பட்ட இனத்தின் மக்கள் எதிரில் இருக்கின்றனர். இங்கே வலி நீக்கப்படவில்லை. அது மேசையின் மறுபுறம் அமர்ந்து ஆலனை உற்று நோக்குகிறது. சிரிப்பவர் தம் சிரிப்பை உடனே எடைபோட நேர்கிறது. தம் புகழ்பெற்ற தொடரில் காட்டாது விட்ட முகத்தை, பிறர் எழுதிய நாடகத்தில் மேத்யூஸ் தாமே தாங்கி வந்திருக்கிறார். புண்பட்டவர் கண்முன் இருந்தாலும் நகைச்சுவை பிழைக்கும், இன்னும் ஆழமாகும் என்பதற்கு இச்சிறு காட்சியே சான்று.

பிற்காலப் படைப்புகள்

'ஃபாதர் டெட்' முடிந்தபின் மேத்யூஸின் எழுத்து நிற்கவில்லை. 'பிக் ட்ரெயின்' என்னும் துணுக்குத் தொடரும் (1998, 2002), ஒரே பருவத்தோடு நின்ற 'ஹிப்பீஸ்' தொடரும் (1999) வந்தன. 2001-இல் வெளியான 'வெல்-ரிமம்பர்டு டேஸ்' என்னும் நூல், பழமைப் பற்றுள்ள கத்தோலிக்க முதியவர் ஒருவரின் தன்வரலாறு போல் எழுதப்பட்ட பகடி. 2005-இல், கால்பந்து வீரர் ராய் கீன் 2002 உலகக் கோப்பைக்கு முன் பயிற்சியாளரோடு பிணங்கித் திரும்பிய நிகழ்ச்சியை உரோமைப் பேரரசின் போர்க்கதையாக உருமாற்றிய 'ஐ, கீனோ' என்னும் இசை நாடகத்தை நண்பர்களுடன் எழுதினார். 2009-இல் 'வால் ஃபால்வி, டி.டி.' என்னும் தொடரில் நாடாளுமன்ற உறுப்பினர் ஒருவர் அவர் கைக்கு அகப்பட்டார். பின்னர் மேட் பெர்ரி என்னும் நடிகரோடு இணைந்து எழுதிய 'டோஸ்ட் ஆஃப் லண்டன்' 2012-இல் முன்னோட்டமாகவும் 2013 முதல் 2015 வரை தொடராகவும் வந்து, 2022-இல் 'டோஸ்ட் ஆஃப் டின்சல்டவுன்' என்று தொடர்ந்தது.

இவற்றை ஒருசேர நோக்கினால் மேத்யூஸ் மீண்டும் மீண்டும் தீட்டுவது ஒரே மனிதரை என்பது புலப்படும். தாம் அமர்ந்திருக்கும் நாற்காலியைவிடத் தம் தகுதி பெரிது என்று நம்பும் மனிதர் அவர். டெட்டுக்கு அது பங்கு இல்லம். டோஸ்டுக்கு அது குரல் பதிவு செய்யும் சிற்றறை. கீர்த்தி மிக்க மேடை நடிகர் என்று தம்மை எண்ணும் டோஸ்ட், தம்மை மதியாத இளைஞர்கள் முன் பொருளற்ற சொற்களை ஒலிவாங்கியில் ஒப்பித்துக்கொண்டிருக்கிறார். கைவண்ணத்தில் குறையில்லை. ஆனால் டோஸ்டின் வீழ்ச்சியில் டோஸ்டைத் தவிர எவரும் இழப்பதற்கு ஒன்றுமில்லை. நடிகரின் செருக்கு நடிகரையே வருத்தும். குருவின் செருக்கோ அவரை நம்பிப் பணம் தந்தவரையும் வருத்தும். அதனாலேயே 'ஃபாதர் டெட்' ஏனையவற்றினும் மேலோங்கி நிற்கிறது என்பது நம் கணிப்பு. ஒரு சமுதாயம் முழங்காலிட்டு வணங்கிய இடத்தில் அந்நாடகம் நடந்தது.

சாராவின் சிரிப்பு

அளவான விளையாட்டுப் பேச்சை நற்பண்பாகவே கொண்டார் புனித தோமா அக்குவினா. எந்நேரமும் இறுகிய முகத்தோடு இருந்து பிறர் மகிழ்வுக்கும் தடையாக இருப்பவர் குறையுடையவர் என்றும் அவர் எழுதினார். தம்மைப் பார்த்துத் தாமே சிரிக்க அறிந்த குருகுலம் நலமுடையது. அயர்லாந்தின் குருக்கள் பலர் இத்தொடரை விரும்பிப் பார்த்தனர் என்பது நற்செய்தியே.

எனினும் விவிலியத்தின் முதல் சிரிப்புகளுள் ஒன்றை நாம் மறத்தலாகாது. முதுமையில் மகப்பேறு என்ற வாக்கைக் கேட்டுக் கூடாரத்துக்குள் சாரா சிரித்தார். கேட்டபோது, அச்சத்தால், சிரிக்கவில்லை என்றார். நீ சிரித்தது உண்மை என்று ஆண்டவர் அவருக்கு உணர்த்தினார். பின்னர் குழந்தை பிறந்தது. சிரிப்பு என்று பொருள்படும் ஈசாக்கு என்னும் பெயர் அதற்கு இடப்பட்டது. அங்கே சிரிப்பு ஒரு குழந்தையின் வருகையில் நிறைவு பெறுகிறது. கிராகித் தீவின் சிரிப்போ ஒரு குழந்தையின் இழப்பில் தொடங்கி, அக்குழந்தையைத் தேடாமலே முடிந்துவிடுகிறது.

தேடும் பொறுப்பு எழுத்தாளரைச் சார்ந்ததன்று. அவர் தம் கலையின் எல்லைவரை வந்து, யார் மாற்றப்பட்டார், யார் மாற்றினார், எதற்காக விருது தரப்பட்டது என்பதையெல்லாம் நகைமொழியில் காட்டிவிட்டார். அந்நாடகத்தைக் காணும் குருவும் ஆயரும் பொதுநிலையினரும் சிரித்து முடித்தபின், திரையில் வராத அக்குழந்தை எங்கே என்று வினவக் கடமைப்பட்டவர்கள். மாற்றல் ஆணை ஒன்று எழுதப்படும் எந்த மறைமாவட்டத்திலும் அவ்வினா கேட்கப்பட வேண்டும்.